ரீட்டாவும் உட்காராத டயரும்

கூடலூரைத் தாண்டி லோயர் கேம்ப் போகும் சாலையில், தென்னந்தோப்பெல்லாம் முடிந்து மலை நெருங்கி வந்துவிடும் இடத்தில் இருக்கிறது ரீட்டாவின் பஞ்சர் கடை. பெயர்ப்பலகை கிடையாது. சாலையோரத்தில் பழைய லாரி டயர் ஒன்றைப் பாதி புதைத்து, அதில் வெள்ளை பெயிண்டால் 'பஞ்சர்' என்று எழுதி வைத்திருக்கிறார்கள். குமுளி மலை ஏறப்போகிற வண்டிக்காரர்கள் கடைசியாகக் காற்றுப் பார்த்துக்கொள்வது அங்கேதான். புதிதாக வருகிறவர்கள் வண்டியை நிறுத்திவிட்டு, "கடையில ஆள் இல்லையாம்மா?" என்று கேட்பார்கள். ரீட்டா பதில் சொல்லமாட்டாள். ஜாக்கியை எடுத்து வந்து வண்டிக்கு அடியில் வைப்பாள். அதற்கு மேல் அவர்களும் கேட்பதில்லை.

இந்தத் தொழிலுக்கு அவள் ஆசைப்பட்டு வரவில்லை. பிறந்தது ராயப்பன்பட்டியில். அப்பா திராட்சைத் தோட்டங்களில் கூலிக்குப் பந்தல் கட்டியவர். படிப்பை நிறுத்தியதும் ரீட்டா மலைக்கு மேலே ஏலக்காய் எஸ்டேட்டுக்குப் போக ஆரம்பித்தாள். விடியும் முன்பே ஜீப் வந்துவிடும். எட்டுப் பேர் உட்காரவேண்டிய ஜீப்பில் பதினெட்டுப் பெண்கள் ஒருத்தி மடியில் ஒருத்தியாக ஏறிக்கொண்டு கம்பம் மெட்டு வழியாகப் போவார்கள். அப்படிப் போய் வந்த காலத்தில் தலையிலும் சேலையிலும் ஏலக்காய் மணம் போகவே போகாது. பிறகு கிறிஸ்டோபரைக் கட்டிக்கொண்டாள். அவன் பழனிசெட்டிபட்டியில் ஒரு பெரிய டயர் கடையில் வேலை பார்த்தான். நல்ல வேலைக்காரன். வாய்தான் ஓயாது. பாட்டுப் பாடிக்கொண்டேதான் டயரைக் கழற்றுவான், பாட்டு முடிவதற்குள் மாட்டியும் விடுவான்.

கல்யாணமாகி ஐந்தாவது வருஷம் அந்த விபத்து நடந்தது. ஒரு லாரி டயர் ரிம்மில் உட்காரவே மாட்டேன் என்று அடம்பிடித்தது. டியூப் இல்லாத டயர்களில் வருகிற தொல்லை இது. டயரின் இரண்டு பக்கத்திலும் உள்ளே கம்பி வைத்த தடித்த விளிம்பு இருக்கும். அந்த விளிம்புகள் ரிம்மின் இரண்டு ஓரங்களிலும் போய் இறுக்கமாக உட்கார்ந்தால்தான் உள்ளே காற்று நிற்கும். நடுவில் சந்து விழுந்திருந்தால் அடிக்க அடிக்க அத்தனையும் வெளியே போய்க்கொண்டிருக்கும். அவசரக்காரர்கள் இதற்கு ஒரு குறுக்குவழி வைத்திருந்தார்கள். டயருக்குள் கொஞ்சம் பெட்ரோலைத் தெளித்து நெருப்பைக் காட்டுவது. உள்ளே குப்பென்று வெடிக்கிற வேகத்தில் விளிம்பு எகிறிப்போய் ரிம்மில் உட்கார்ந்துகொள்ளும். முக்கால்வாசி நேரம் உட்கார்ந்தும் விடும். அன்றைக்கு முதலாளி கொஞ்சம் தாராளமாக ஊற்றிவிட்டார். கிறிஸ்டோபர் குனிந்து டயரைப் பிடித்துக்கொண்டிருந்தான்.

வலது காது அத்தோடு போயிற்று. வலது கண்ணில் பாதிப் பார்வை போயிற்று. கழுத்திலிருந்து முழங்கை வரை தோல் உரிந்து, புதுத்தோல் சுருங்கிச் சுருங்கி வளர்ந்தது. மதுரை ஆஸ்பத்திரியில் அவன் பக்கத்தில் உட்கார்ந்திருந்த நாட்களில் ரீட்டா அழவில்லை என்று அவள் நாத்தனார்கள் குறை சொன்னார்கள். அழுவதற்கு அவளுக்கு நேரமில்லை. இனி என்ன செய்வது என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

வீட்டுக்கு வந்த பிறகு கிறிஸ்டோபர் டயர் பக்கமே போகவில்லை. தெருவில் யாராவது மோட்டார் சைக்கிளை உதைத்துக் கிளப்பினால்கூட எழுந்து உள்ளே போய்விடுவான். ஒருநாள் ரீட்டா அவன் முன்னால் வந்து நின்றாள்.

"நமக்குத் தெரிஞ்ச தொழிலு இது ஒண்ணுதான். நீங்க கட்டில்ல உக்காந்து சொல்லுங்க. நான் செய்யுறேன்."

"பொம்பளப் பிள்ள செய்யுற வேலையா அது?"

"ஏலக்கா மூட்டையத் தூக்குன கை. ரப்பரத் தூக்காதா?"

அப்படித்தான் கடை தொடங்கியது. அவன் வேப்பமரத்தடியில் கட்டிலைப் போட்டுக்கொண்டு சொன்னான், அவள் செய்தாள். முதல் மாதங்களில் டயரை நெம்புகிற இரும்பு லிவர் நழுவி அவள் முழங்கால் சில்லில் அடித்த அடிகளுக்குக் கணக்கில்லை. சைக்கிள், மோட்டார் சைக்கிள், ஆட்டோ, பிறகு டிராக்டர் என்று ஒவ்வொன்றாகக் கைக்கு வந்தன. மெல்ல மெல்லக் கிறிஸ்டோபரின் கட்டில் கடையை நெருங்கி வந்தது. ஒருநாள் அவள் தடுமாறுவதைப் பார்க்கப் பொறுக்காமல் எழுந்து வந்து லிவரைப் பிடித்தான். அதற்குப் பிறகு இரண்டு பேருமாகப் பார்த்தார்கள். கடைக்கு ஒரே ஒரு சட்டம் வைத்தாள் ரீட்டா. டயர் உட்காராவிட்டால் வண்டிக்காரன் நாள் முழுக்கக் காத்திருக்கட்டும், இல்லை வேறு கடைக்குப் போகட்டும். இங்கே தீ கிடையாது.

போன சித்திரையில் ஒருநாள் அந்தச் சட்டத்துக்குச் சோதனை வந்தது.

அன்றைக்குக் கிறிஸ்டோபர் கண்ணைக் காட்ட மதுரைக்குப் போயிருந்தான். பராமரிப்பு வேலைக்காகக் கம்பம், கூடலூர் பக்கம் முழுவதும் சாயங்காலம் வரை கரண்ட் நிறுத்தியிருந்தார்கள். காலையிலேயே வெயில் மண்டையைப் பிளந்தது. ரீட்டாவின் கம்ப்ரஸர் மட்டும் ஓடியது, ஏனென்றால் அது பெட்ரோல் என்ஜினில் ஓடுகிற பழைய மெஷின். பக்கத்தில் டீக்கடை வைத்திருக்கும் ஜக்கம்மா, "ஊரே அமைதியா இருக்கு, ஒன் மிஷினு ஒண்ணுதான் காதக் கொடையுது" என்று அலுத்துக்கொண்டே வடை சுட்டுக்கொண்டிருந்தாள்.

பத்து மணி வாக்கில் பிக்கப் வண்டி ஒன்று முன்பக்கம் சாய்ந்தபடி நொண்டி நொண்டி வந்து நின்றது. பின்னால் பிளாஸ்டிக் கூடைகள் அடுக்கு அடுக்காக ஏற்றியிருந்தன. வண்டி நின்றதும் அந்தக் கூடைகளுக்குள்ளிருந்து ஒரு பெருஞ்சத்தம் எழுந்தது. ஆயிரக்கணக்கான குஞ்சுகளின் கீச்சுக் கீச்சு. முந்தின நாள் பொரிந்த கோழிக்குஞ்சுகள். உடுமலைப்பேட்டைப் பக்கத்திலிருந்து கேரளாவுக்குப் போகின்றன. ஓட்டுநர் குதித்து இறங்கினான். முப்பது வயதிருக்கும், பெயர் சூரியபிரகாஷ் என்று பிறகு தெரிந்தது. சட்டை முதுகோடு ஒட்டிப்போயிருந்தது.

"அக்கா, டயர் கிழிஞ்சிருச்சு. ஸ்டெப்னிய வத்தலக்குண்டுலயே மாட்டிட்டேன். கம்பத்துல எல்லாக் கடையும் கரண்ட் இல்லேன்னு கைய விரிச்சிட்டாங்க. இங்கதான் என்ஜின் மிஷின் இருக்குன்னு அனுப்பினாங்க."

ரீட்டா டயரைப் பார்த்தாள். பக்கவாட்டில் ஒரு சாண் நீளத்துக்குக் கிழிந்து, ரப்பர் நாக்குத் தள்ளியிருந்தது. ஒட்டுப்போடுகிற பேச்சே இல்லை. காற்றில்லாமல் ஓட்டி வந்ததில் ரிம்மின் ஓரமும் ஓரிடத்தில் லேசாக நெளிந்திருந்தது.

"இத வச்சு ஒண்ணும் பண்ண முடியாது தம்பி. இந்த சைசுல எங்ககிட்ட புதுசு ஒண்ணு கெடக்கு. பாப்போம்."

கிடந்தது என்னவோ உண்மைதான். டயர் அடுக்கின் அடியில், மேலே ஐந்தாறு பெரிய டயர்களின் பாரத்தைச் சுமந்துகொண்டு நெடுநாளாகக் கிடந்தது. அந்த அளவு அடிக்கடி கேட்கப்படாது என்பதால் யாரும் அதைத் தொட்டதில்லை. ரீட்டா அதை இழுத்து வெளியே போட்டாள். இரண்டு விளிம்புகளும் நசுங்கி ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு, டயர் தோசைக்கல் மாதிரி தட்டையாக இருந்தது.

முதலில் அவள் குஞ்சுகளைப் பார்த்தாள். வண்டி ஓடும்வரை காற்று கூடைக்குள் புகுந்து போகும். நின்றுவிட்டால் உள்ளே வேகும். "கூடைய எல்லாம் எறக்கி புளியமரத்தடியில வைப்போம். ஒண்ணு மேல ஒண்ணு அடுக்காதீக. காத்து போகணும்" என்றாள். ஜக்கம்மாவும் வடைச்சட்டியை இறக்கி வைத்துவிட்டு வந்தாள். மூன்று பேருமாகக் கூடைகளை இறக்கினார்கள். ஜக்கம்மா சாக்குகளை நனைத்து, காற்று வரும் பக்கமாகக் கயிறு கட்டித் தொங்கவிட்டாள்.

"பிள்ளைகளா, செத்த நேரம் பொறுத்துக்கங்க. ஒங்க வண்டி கெளம்பிரும்" என்று கூடைகளைப் பார்த்துச் சொன்னாள்.

ரீட்டா வேலையில் இறங்கினாள். ரிம்மைக் கழற்றி, நெளிந்த இடத்தைச் சுத்தியலால் தட்டி நேராக்கினாள். ஓரத்தில் படிந்திருந்த துருவைக் கம்பிப் பிரஷ்ஷால் தேய்த்தாள். புது டயரின் விளிம்புகளுக்கு நடுவே மரக்கட்டைகளைச் செருகி வெயிலில் போட்டாள். சூடேறினால் ரப்பர் கொஞ்சம் இளகும். சூரியபிரகாஷ் சாலைக்கும் மரத்தடிக்குமாக நடந்துகொண்டேயிருந்தான். ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தடவை போன் அடித்தது. "வந்துட்டே இருக்கேண்ணே" என்றே ஒவ்வொரு தடவையும் சொன்னான்.

டயரை ரிம்மில் ஏற்றுவது சிரமமாக இல்லை. காற்று அடிக்கும்போதுதான் வம்பு தொடங்கியது. விளிம்புகள் ரிம்மின் நடுப்பள்ளத்திலேயே ஒடுங்கிக் கிடந்தன. இரண்டு பக்கமும் விரல் நுழைகிற சந்து. குழாயை வைத்ததும் புஸ்ஸென்று காற்று அவள் முகத்துக்கே திரும்பி வந்தது. சோப்புத் தண்ணீர் தடவிப் பார்த்தாள். வால்வுக்குள் இருக்கிற சின்னப் பின்னைக் கழற்றிவிட்டு, டேங்க்கில் காற்றை நிரப்பி, ஒரே வீச்சில் திறந்துவிட்டுப் பார்த்தாள். டயர் ஒரு தடவை பெருமூச்சு விட்டதுபோல அசைந்துவிட்டு அப்படியே கிடந்தது. தூக்கித் தரையில் குத்திப் பார்த்தாள். நடுவில் கயிற்றைச் சுற்றி, கம்பியைச் செருகி முறுக்கினாள். வெளிப்பக்கம் இறுகினால் விளிம்புகள் அகலும் என்பது கணக்கு. கயிறு அறுந்துபோயிற்று. வேறு கயிறு கட்டி, சூரியபிரகாஷையும் முறுக்கச் சொன்னாள். இரண்டு பேர் பலத்துக்கும் டயர் மசியவில்லை.

"உள்ளாற வயரு வச்ச டயரு. கயித்துக்கெல்லாம் அசையாது" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள்.

"அக்கா, குஞ்சு சாக ஆரம்பிச்சிருச்சு." சூரியபிரகாஷ் மரத்தடியிலிருந்து ஓடிவந்தான். உள்ளங்கையில் இரண்டு மஞ்சள் உருண்டைகள் அசையாமல் கிடந்தன. "போன மாசம்தான் ஒரு லோடு சூட்டுல போயிருச்சு. அது என் தப்பு இல்ல. ஆனா இதுவும் போச்சுன்னா என்னை வண்டியில ஏத்த மாட்டாங்கக்கா. கொஞ்சம் பெட்ரோல் ஊத்திப் பத்த வைங்க. ஒரு நொடியில உக்காந்துரும். போன்ல எத்தனை வீடியோவுல பாத்திருக்கேன்."

"தீ கெடையாது தம்பி."

"எல்லாரும் பண்றதுதானக்கா..."

"இங்கன கெடையாது. நீ வேற ஏதாவது சொல்லு, கேக்குறேன்."

ரீட்டா அண்ணாந்து வெயிலைப் பார்த்தாள். சாக்குகள் காய்ந்துவிட்டிருந்தன. குடத்தை எடுத்துக்கொண்டு பின்பக்கத் தொட்டிக்குப் போனாள். குனிந்து மொண்டபோதே பெட்ரோல் வாடை அடித்தது. என்ஜின் ஓடுகிற இடத்தில் பெட்ரோல் வாடை புதிதில்லை. ஆனால் இந்த வாடை கூடுதலாக இருந்தது. குடத்தை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்தாள்.

கம்ப்ரஸருக்கென்று வைத்திருந்த கேன் டயர் பக்கத்தில் மூடி திறந்து கிடந்தது. டயரின் உட்பக்கம் நனைந்து மினுமினுத்தது. கேன் எடை குறைந்து காற்றில் ஆடுவதைப் பார்த்தாலே எவ்வளவு ஊற்றியிருக்கிறான் என்று தெரிந்தது. சூரியபிரகாஷ் இரண்டடி தள்ளி நின்று தீப்பெட்டியைப் பிரித்துக்கொண்டிருந்தான். பக்கத்தில் என்ஜின் சூட்டோடு நிற்கிறது. பத்தடியில் ஜக்கம்மாவின் அடுப்பு எரிகிறது.

ரீட்டா கத்தவில்லை. கத்தினால் அவன் பதறிக் குச்சியை உரசிவிடுவான் என்று அவளுக்குப் பட்டது. நேராக நடந்துபோய் அந்த டயரின் மேல் உட்கார்ந்தாள். இரண்டு காலையும் மடக்கி, சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, சர்ச்சில் பாய்மேல் உட்காருகிற மாதிரி உட்கார்ந்துவிட்டாள்.

"இப்பப் பத்த வையி" என்றாள்.

அவன் விறைத்துப்போய் நின்றான்.

"ஜக்கம்மாக்கா, அடுப்ப அணை. கேஸ் சிலிண்டரையும் மூடு" என்று திரும்பாமலே குரல் கொடுத்தாள். ஜக்கம்மா ஒரு பார்வையில் எல்லாவற்றையும் புரிந்துகொண்டாள். அடுப்பை அணைத்துவிட்டு, அந்தக் கையோடு வந்து சூரியபிரகாஷின் விரல்களுக்குள்ளிருந்து தீப்பெட்டியைப் பிடுங்கினாள்.

"ஏலே, ஒனக்குக் கிறுக்கா பிடிச்சிருக்கு? அவ வீட்டுக்காரரு எப்படி ஆனாகன்னு தெரியுமா ஒனக்கு?"

"அவனுக்கு எப்பிடிக்கா தெரியும்" என்றாள் ரீட்டா. "தம்பி, எங்க வீட்டுக்காரரு இப்பிடித்தான் ஒரு டயரப் பிடிச்சிக்கிட்டு நின்னாக. ஒரு நொடியில உக்காந்துரும்னுதான் அங்கனயும் சொன்னாக. பத்து வருசமா எங்க வீட்டுல எடது பக்கமா நின்னுதான் பேசுறோம். வலது காது கேக்காது அவுகளுக்கு. நீ பத்த வச்சிருந்தா இந்நேரம் ஒன் மூஞ்சிதான் மொதல்ல வெந்திருக்கும். அம்புட்டு ஊத்தியிருக்க."

சூரியபிரகாஷ் டயரைப் பார்த்தான், தன் கையைப் பார்த்தான். பிறகு சாலையோர மண்ணில் அப்படியே குந்தினான். முகத்தை முழங்காலுக்குள் புதைத்துக்கொண்டான். சத்தம் வராவிட்டாலும் முதுகு குலுங்கியது.

"அழுதுக்கிட்டு இருக்காத. எந்திரி. தண்ணி கொண்டா" என்றாள் ரீட்டா. "இத ஒரு சொட்டு இல்லாமக் கழுவணும். இன்னைக்கு இந்த டயரு இந்த ரிம்முல உக்காரும். உக்கார வைக்காம நானும் எந்திரிச்சுப் போகப்போறதில்ல."

கழுவுவதற்குள் வெயில் உச்சிக்கு ஏறிவிட்டது. டயரை ரிம்மிலிருந்து மறுபடி கழற்றி, சோப்புப் போட்டுத் தேய்த்து, கந்தலால் துடைத்து, மூக்கை வைத்து முகர்ந்து பார்த்து, வாடை போகாததால் இன்னொரு தடவை கழுவினார்கள். ஜக்கம்மா அடுப்பில்லாமல் சும்மா உட்காரவேண்டி வந்ததில் கோபமாக இருந்தாலும், ஒரு முறத்தை எடுத்து வந்து கூடைகளுக்கு விசிறிக்கொண்டிருந்தாள். செத்த குஞ்சுகளைத் தனியே ஒதுக்கிப் போட்டாள். எண்ணவில்லை.

ரீட்டா கழுவிக்கொண்டே யோசித்தாள். டயரின் இரண்டு பக்கமும் சந்து. ரிம்மை ஒரு டிரம்மின் மேல் தூக்கி வைத்தால், டயர் தன் பாரத்தில் கீழே இறங்கி, கீழ் விளிம்பு தானாகவே ரிம்மில் அழுந்தும். அப்போது மேல்பக்கச் சந்து ஒன்றுதான் பாக்கி. அந்தச் சந்தை எதனாலாவது சுற்றிலும் அடைத்துவிட்டால், காற்று வெளியேற வழியில்லாமல் மேல் விளிம்பைத் தூக்கத்தானே வேண்டும்? அடைக்கிற பொருள் வளையமாக இருக்கவேண்டும். மெத்தென்று இருக்கவேண்டும். விளிம்பு எழும்பும்போது வழிவிட்டு நகரவும் வேண்டும்.

கடைச் சுவரில் சைக்கிள் டியூப்கள் தொங்கின. அவற்றில் சின்ன சைக்கிளின் டியூப் ஒன்றை எடுத்தாள்.

ஆயில் டிரம்மை உருட்டி வந்து நிறுத்தி, டயரை மறுபடி ரிம்மில் ஏற்றி அதன் மேல் வைத்தாள். நினைத்தபடியே டயர் கீழே சரிந்து அழுந்தியது. சைக்கிள் டியூபை மேல்சந்தில் வளையமாகச் செருகி, அதில் கொஞ்சம் காற்று ஏற்றினாள். அது உப்பிச் சந்தை நிறைத்தது. "தள்ளி நில்லுங்க ரெண்டு பேரும்" என்று சொல்லிவிட்டு டயருக்குக் காற்றைத் திறந்தாள். புஸ்ஸென்ற சத்தம் வரவில்லை. டயர் லேசாக உப்பத் தொடங்கியது. சூரியபிரகாஷ் ஓர் அடி முன்னால் வந்தான். மேல் விளிம்பு எழும்பியது, இன்னும் எழும்பியது. படாரென்று ஒரு சத்தம். மூவரும் துள்ளி விழுந்தார்கள். விளிம்புக்கும் ரிம்முக்கும் நடுவில் சிக்கி நசுங்கிய சைக்கிள் டியூப் கிழிந்து தொங்கியது. டயர் மறுபடியும் தொய்ந்தது.

"போச்சு" என்றான் சூரியபிரகாஷ்.

"என்னத்தப் போச்சு? எம்புட்டு தூரம் எழும்புச்சுன்னு பாத்தியா நீ?" ரீட்டாவின் முகத்தில் அன்றைக்கு முதல் தடவையாகச் சிரிப்பு வந்தது. "சோப்புப் போடாம வறட்டு டியூப வச்சுட்டேன். அது நழுவ முடியாம மாட்டிக்கிச்சு. வேற டியூபு எடு."

இரண்டாவது டியூபைச் சோப்புக் குழம்பில் முக்கி எடுத்தாள். கையிலேயே நிற்காமல் வழுக்கியது. ரிம்மின் ஓரம், டயரின் விளிம்பு எல்லா இடத்திலும் வாரிப் பூசினாள். டியூபை வைத்தாள். டேங்க்கை நிரப்பிவிட்டு என்ஜினை அணைத்தாள். அப்போதுதான் காற்று கசிகிற சத்தம் காதில் விழும். திடீரென்று வந்த அமைதியில் குஞ்சுகளின் சத்தம் மட்டும் கேட்டது. முன்பு கேட்டதைவிட அது சன்னமாகியிருந்தது.

காற்றைத் திறந்தாள். டயர் உப்பியது. மேல் விளிம்பு எழும்ப எழும்ப, சோப்பில் ஊறிய டியூப் பிதுங்கிப் பிதுங்கி வெளியே வந்தது. ஒரு கையால் குழாயைப் பிடித்துக்கொண்டு, மறுகையால் டியூபின் காற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக இறக்கினாள். பாதி வந்தது, முக்கால் வந்தது. கடைசியில் வழுக்கிக்கொண்டு முழுதாக எகிறித் தரையில் விழுந்தது. டயரில் காற்று நின்றது. எங்கும் கசியவில்லை.

"நின்னுருச்சு! அக்கா, நின்னுருச்சு!" என்று கத்தினான் சூரியபிரகாஷ்.

"இன்னும் உக்காரல. செத்த சும்மா இரு."

வால்வில் பின்னைப் போட்டு, காற்றை ஏற்றிக்கொண்டே வந்தாள். டப்பென்று கீழ் விளிம்பு உட்கார்ந்தது. மேல்பக்கமும் முக்கால்வாசி எழும்பியிருந்தது. ஓரிடத்தில் மட்டும், காலையில் நெளிவெடுத்த இடத்தில், விளிம்பு உள்ளே ஒடுங்கி நின்றது. ரிம்மை ஒட்டி டயரில் ஓடுகிற மெல்லிய கோடு மற்ற இடங்களில் சீராகத் தெரிய, அங்கே மட்டும் மறைந்து போயிருந்தது. மீட்டரைப் பார்த்தாள். நாற்பது பவுண்டு.

"இன்னும் கொஞ்சம் அடிங்கக்கா, ஏறிரும்."

"மாட்டேன். இதுக்கு மேல அடிச்சா அது ஏறாது, வெடிக்கும்."

காற்றை முழுக்க இறக்கினாள். இத்தனை பாடுபட்டு நிறுத்திய காற்று வெளியே போவதைப் பார்க்கச் சூரியபிரகாஷுக்குத் தாங்கவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டான். ரீட்டா அந்த இடத்தில் லிவரைக் கொடுத்து விளிம்பை விலக்கிப் பார்த்தாள். சுத்தியல் பட்ட இடத்தில் பழைய துருக்கட்டி ஒன்று உதிராமல் ஒட்டிக்கொண்டிருந்தது. பிரஷ் நுழையவில்லை. உப்புத்தாளை விரலில் சுற்றி உள்ளே விட்டுத் தேய்த்தாள். விரல் நுனியில் தோல் கிழிந்து ரத்தம் கசிந்தது. சேலை முந்தியில் துடைத்துவிட்டு மறுபடி தேய்த்தாள். வழவழப்பானதும் சோப்பைப் பூசினாள். டிரம்மிலிருந்து இறக்கி, நிமிர்த்தி, அந்த இடம் தரையில் படும்படி நாலு தடவை குத்தினாள்.

மறுபடி காற்றை ஏற்றினாள். இருபது. இருபத்தைந்து. முப்பது. விளிம்பு ஒரு நூல் நகர்ந்தது. ரீட்டா சற்றுத் தள்ளி, குழாயின் நீளத்துக்கு ஒதுங்கி நின்றாள். முப்பத்தைந்து ஆனபோது, சாலைக்கு அந்தப்பக்கம் வரை கேட்கும்படி டப்பென்று ஒரு சத்தம். கோடு சுற்றிலும் ஒரே சீராகத் தெரிந்தது.

ஜக்கம்மா முறத்தைத் தரையில் அடித்துக் கும்மாளமிட்டாள். சூரியபிரகாஷ் ரீட்டாவின் காலைத் தொட வந்தான். அவள் விலகிக்கொண்டு, "மொதல்ல சக்கரத்த மாட்டி ஜாக்கிய எறக்கு. குஞ்ச ஏத்து" என்றாள்.

கூடைகளை இடைவெளி விட்டு ஏற்றி, காய்ந்த சாக்குகளை மறுபடி நனைத்துக் கட்டினார்கள். வண்டி மலைப்பக்கம் திரும்பி மறையும் வரை ரீட்டா சாலையிலேயே நின்றாள். பிறகு உள்ளே வந்து ஒரு சொம்புத் தண்ணீரை மூச்சுவிடாமல் குடித்தாள். அப்போதுதான் அழுகை வந்தது. கொஞ்ச நேரம்தான். ஜக்கம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்து ஒரு வடையை அவள் கையில் வைத்தாள். ஆறிப்போன வடை. ரீட்டா அதை முழுதாகத் தின்றாள்.

சாயங்காலம் கிறிஸ்டோபர் பஸ்ஸிலிருந்து இறங்கி வந்தான். கண்ணில் பார்வை இறங்கவில்லை, அப்படியேதான் இருக்கிறது என்று டாக்டர் சொன்னாராம். ஜக்கம்மா அவன் இடது பக்கமாக வந்து நின்று, நடந்ததையெல்லாம் ஒன்றுக்கு இரண்டாகச் சொல்லி முடித்தாள்.

"பெட்ரோல் ஊத்துன டயரு மேலயா போயி உக்காந்த?" என்று ரீட்டாவிடம் கேட்டான்.

"வேற எங்கன போயி உக்காரச் சொல்றீக?"

"அவன் பத்த வச்சிருந்தா?"

"வைக்கமாட்டான்னு தெரியும். செத்த குஞ்ச உள்ளங்கையில ஏந்திக்கிட்டு வந்தவன் அவன்."

கிறிஸ்டோபர் அவளுடைய கையை எடுத்து, கிழிந்த விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். உள்ளே போய் மஞ்சள் பொடி கொண்டு வந்து வைத்துக் கட்டினான். பிறகு இருவருமாகக் கடையிலிருந்த டயர் அடுக்குகளைப் பிரித்து, ஒவ்வொன்றையும் சுவரோரம் நிமிர்த்தி நிறுத்தத் தொடங்கினார்கள். பாதி வேலையில் போன் அடித்தது. சூரியபிரகாஷ்தான். வண்டி போய்ச் சேர்ந்துவிட்டது. மேலே ஏற ஏறக் காற்று குளிர்ந்து குஞ்சுகள் தெளிந்துவிட்டன. இறந்தது ஒரு கூடை அளவுக்குக்கூட இருக்காது, பண்ணைக்காரர் ஒன்றும் சொல்லவில்லை என்றான். கொஞ்சம் தயங்கிவிட்டு, "அக்கா, நான் பண்ணினது..." என்று இழுத்தான்.

"அத விடு. திரும்பி வரையில நம்ம கடையில நிறுத்து. அந்த ரிம்ம இன்னொரு தடவ நான் பாக்கணும்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டு, ரீட்டா அடுத்த டயரைத் தூக்கினாள்.